முதல் தஃப்ஸீராக எதை வாங்குவது?

ஊரிலிருந்து ஒரு தம்பி போன் பண்ணினான். வேலை முடிந்து மாலை நேரத்தில் மூன்று வருஷமாக அரபி இலக்கணம் ஓதிக்கொண்டிருப்பவன். "காக்கா, கையில கொஞ்சம் காசு சேர்ந்திருக்கு. ஒரு தஃப்ஸீர் வாங்கணும். ஒண்ணுதான் வாங்க முடியும். எதை வாங்கட்டும்?"

தஃப்ஸீர் என்றால் குர்ஆனுக்கான விளக்கவுரை. இந்தக் கேள்விக்கு வழக்கமான பதில் 'இப்னு கஸீர்', எழுதியவர் பெயராலேயே அழைக்கப்படும் தஃப்ஸீர். யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள். எனக்கும் அதுதான் வாய் வரை வந்தது. ஆனால் அவனுடைய அரபியும் தெரியும், அவன் கேட்கும் கேள்விகளின் தினுசும் தெரியும் என்பதால், "ரெண்டு நாள் பொறு" என்று சொல்லி வைத்துவிட்டேன்.

அந்த ரெண்டு நாளும் நான் செய்தது ஒரே வேலை. ஒரு வசனத்தை எடுத்துக்கொண்டு அதே இடத்தை ஒவ்வொரு தஃப்ஸீராகப் புரட்டினேன். முன்னுரைகளில் எல்லா ஆசிரியர்களும் அழகாகத்தான் பேசுகிறார்கள். சிக்கலான ஒரு இடத்தில் என்ன செய்கிறார்கள் என்று பார்த்தால்தான் ஆள் யாரென்று பிடிபடும்.

நான் எடுத்தது பகரா 228, அதாவது குர்ஆனின் இரண்டாம் அத்தியாயத்தில் 228ஆம் வசனம். தலாக் சொல்லப்பட்ட பெண்கள் மூன்று 'குரூஉ' காத்திருப்பார்கள் என்று வருகிறதே, அந்த வசனம். சிக்கல் அந்த ஒற்றைச் சொல்லில் இருக்கிறது. அரபியில் அதன் ஒருமையான 'குர்உ' என்றால் மாதவிடாய் என்றும் பொருள், இரண்டு மாதவிடாய்களுக்கு இடைப்பட்ட சுத்தமான காலம் என்றும் பொருள். ஒன்றுக்கொன்று நேர் எதிரான இரண்டு அர்த்தங்கள் ஒரே சொல்லில் குடியிருக்கின்றன. சட்ட அறிஞர்களில் மாலிக்கும் ஷாஃபிஈயும் சுத்தகாலம் என்றார்கள். அபூ ஹனீஃபா மாதவிடாய் என்றார். இவர்கள் பெயரால் வந்த சட்டப்பள்ளிகள்தான் மாலிகி, ஷாஃபிஈ, ஹனஃபி மத்ஹபுகள்.

இது ஏட்டுச் சண்டை இல்லை. சுத்தமான காலத்தில் தலாக் சொல்லப்பட்ட பெண்ணுக்கு, ஷாஃபிஈ கணக்கில் அந்த மிச்ச நாட்களே ஒரு குர்உ ஆகிவிடும். அதனால் மூன்றாவது மாதவிடாய் தொடங்கும்போதே இத்தா, அதாவது அவள் காத்திருக்க வேண்டிய காலம், முடிந்துவிடும். ஹனஃபி கணக்கில் அந்த மூன்றாவது மாதவிடாய் முடிந்தால்தான் இத்தா முடியும். இடையில் விழும் அந்தச் சில நாட்களில் கணவன் அவளை மீண்டும் மனைவியாக மீட்டுக்கொள்ளலாமா, கூடாதா? ஷாஃபிஈகளின் காயல்பட்டினத்தில் ஒரு பதில், ஹனஃபிகளின் வாணியம்பாடியில் ஒரு பதில். இரண்டு ஊர்களுக்கும் இடையே பெண் கொடுத்து எடுத்தவர்களுக்கு இதன் கனம் தெரியும்.

முதலில் திறந்தது ஜலாலைன். நம் மதரஸாக்களில் ஓதி வந்தவர்களுக்கு அறிமுகமே தேவையில்லாத கிதாபு. இரண்டு ஜலாலுத்தீன்கள் எழுதியதால் அந்தப் பெயர். 1459இல் இறந்த மஹல்லீ, குர்ஆனின் நடுவே வரும் கஹ்ஃப் ஸூராவிலிருந்து (ஸூரா என்றால் அத்தியாயம்) கடைசி வரை எழுதி முடித்து, முதல் ஸூராவான ஃபாத்திஹாவையும் எழுதிவிட்டுக் கண்மூடினார். பாக்கியை, அதாவது பகராவிலிருந்து இஸ்ரா வரை, சுயூத்தீ எழுதினார். ஹிஜ்ரி 870இல், நாற்பதே நாளில், 22 வயதுகூட நிரம்பாத பையனாக. அதனால்தான் பழைய அச்சுகளில் ஃபாத்திஹாவின் விளக்கம் புத்தகத்தின் கடைசியில் இருக்கும். முதல் தடவை பார்க்கிறவர்கள் பக்கம் மாறிவிட்டது என்று கடைக்காரரிடம் சண்டைக்குப் போவார்கள்.

குரூஉ பற்றி ஜலாலைன் சொல்வது இவ்வளவுதான்: இது 'கர்உ' என்பதன் பன்மை, முதல் எழுத்துக்கு அகரம், பொருள் சுத்தகாலம் அல்லது மாதவிடாய், இரண்டு கருத்துகள். அவ்வளவே, அடுத்த சொல்லுக்குப் போய்விடுகிறார். சுயூத்தீ ஷாஃபிஈ மத்ஹபுக்காரர். தன் கட்சியை மட்டும் சொல்லிவிட்டுப் போயிருக்கலாம், அப்படிச் செய்யவில்லை. ஆனால் யாருடைய கருத்து எது, ஏன் என்றெல்லாம் கேட்காதே, அது உனக்கு ஓதித்தரும் ஹஜ்ரத்தின் வேலை என்பதுபோல நகர்ந்துவிடுகிறார். அந்தப் புத்தகத்தின் இயல்பே அதுதான். ஒருவர் எண்ணிப் பார்த்தாராம், முஸ்ஸம்மில் ஸூரா வரை குர்ஆனின் எழுத்துகளும் ஜலாலைனின் எழுத்துகளும் சரிசமமாக இருந்தனவாம். அத்தனை சிக்கனம். முன்னால் உட்கார்ந்து சொல்லித்தர ஆள் இருந்தால் இதைவிட நல்ல பாடநூல் கிடையாது. தனியாக உட்கார்ந்து படிக்கிறவனுக்கு, பாட்டே தெரியாதவன் கையில் ஸ்வரத்தை மட்டும் கொடுத்த மாதிரி இருக்கும். ஜமல், ஸாவீ போன்றவர்களின் ஓரக்குறிப்புகள் வந்ததே அதனால்தான்.

அப்புறம் தபரீ. மற்ற எல்லோருக்கும் இவர்தான் கிணறு, மற்றவர்கள் இறைத்தவர்கள். தபரிஸ்தானின் ஆமுல் ஊரில் 839இல் பிறந்து 923இல் பக்தாதில் இறந்தவர். 'முப்பதாயிரம் ஏட்டில் ஒரு தஃப்ஸீர் சொன்னால் எழுதுவீர்களா' என்று மாணவர்களைக் கேட்டதாகவும், 'அதை முடிப்பதற்குள் ஆயுளே முடிந்துவிடுமே' என்று அவர்கள் சொன்னதாகவும், சரி என்று மூவாயிரமாகக் குறைத்துக்கொண்டதாகவும் ஒரு செய்தி உண்டு. குறைத்த பிறகுதான் இந்த அளவு. இன்றைய நல்ல பதிப்பு ஒன்று அட்டவணைகளோடு சேர்த்து 26 பாகம்.

குரூஉவுக்கு வந்தால் தபரீ ஒரு நீதிமன்றத்தையே கூட்டிவிடுகிறார். மாதவிடாய் என்று சொன்னவர்கள் யார் யார், அதை யார் யாரிடம் கேட்டார்கள் என்று முழுத் தொடரோடு ஒவ்வொரு சாட்சியாக வருவார்கள். அதில் ஒரு சாட்சியை மறக்கவே முடியாது. தலாக் ஆன ஒரு பெண் கலீஃபா உமர் (ரலி) அவர்களிடம் வருகிறாள். மூன்றாவது மாதவிடாய் நின்று, குளிப்பதற்குத் தண்ணீர் எடுத்து வைத்து, கதவைச் சாத்தி, உடுப்பையும் களைந்துவிட்ட நேரத்தில் கணவன் வந்து 'உன்னை மீட்டுக்கொண்டேன்' என்கிறான். செல்லுமா? உமர் பக்கத்திலிருந்த நபித்தோழர் இப்னு மஸ்ஊத் (ரலி) அவர்களைப் பார்க்கிறார். 'தொழுகை அவளுக்கு அனுமதிக்கப்படும் வரை அவள் அவன் மனைவிதான் என்று நினைக்கிறேன்' என்கிறார் அவர். 'நானும் அப்படித்தான் நினைக்கிறேன்' என்கிறார் உமர். ஷாஃபிஈ கணக்குப்படி அந்த மனிதன் பல நாள் தாமதம். இந்தத் தீர்ப்புப்படி, ஒரு குளியல் நேரம் முந்திக்கொண்டான்.

இதே சம்பவம் தபரீயில் வேறு வேறு தொடர்களில் திரும்பத் திரும்ப வரும். கதவு ஒவ்வொரு தடவையும் சாத்தப்படும். நமக்குக் கொட்டாவி வரும். ஆனால் எல்லாச் சாட்சிகளும் முடிந்த பின் 'அபூ ஜஅஃபர் கூறுகிறார்' என்று தன் பெயரைப் போட்டுக்கொண்டு வருவாரே, அதுதான் தபரீ. ஒரு விஷயம் தவறாமல் குறித்த நேரத்தில் வருவதற்கும் போவதற்குமான அந்த 'நேரம்', அதுதான் குர்உவின் வேர்ப்பொருள் என்கிறார். அப்படியென்றால் மாதவிடாய் வரும் நேரமும் குர்உதான், சுத்தம் வரும் நேரமும் குர்உதான். சொல் ஏன் இரண்டு பக்கமும் இழுக்கப்படுகிறது என்பதற்கே அங்கே விடை கிடைத்துவிடுகிறது. பிறகு சுத்தகாலம் என்ற பக்கம் தீர்ப்பு எழுதுகிறார். அவருக்கென்று தனி மத்ஹபு இருந்து பின்னாளில் மறைந்துபோனது. அதனால் இன்றைய நான்கு மத்ஹபுகளில் யாருக்கும் வக்கீலாக அவர் தெரியமாட்டார்.

இருந்தும் முதல் தஃப்ஸீராக அதை வாங்கு என்று நான் சொல்லமாட்டேன். ஆரம்ப ஆர்வத்தில் தபரீயை வாங்கி பகராவின் பாதியில் நின்றுபோன அலமாரிகள் எனக்குத் தெரியும். அதில் ஒன்று என்னுடையது.

இனி எல்லோரும் சொல்லும் இப்னு கஸீர். 1373இல் டமாஸ்கஸில் இறந்தவர். வரலாறும், ஹதீஸ் எனும் நபிமொழிக் கலையும் கை வந்தவர். குர்ஆனை முதலில் குர்ஆனைக் கொண்டே விளக்கு, பிறகு நபிமொழி, பிறகு நபித்தோழர்கள், அதற்குப் பின்னால் வந்தவர்கள் என்று அவர் முன்னுரையில் வகுக்கும் முறை பெரும்பாலும் அவருடைய ஆசிரியர் இப்னு தைமிய்யாவின் சிறு நூலிலிருந்து வந்தது. தபரீயிடம் இல்லாத ஒன்று இவரிடம் இருக்கிறது. சல்லடை. காஃப் என்ற ஸூராவின் முதல் எழுத்தை உலகத்தைச் சுற்றி நிற்கும் மலை என்று சொன்ன கதையை எடுத்து, இது இஸ்ரவேலர்களிடமிருந்து நம்மவர்கள் வாங்கிக்கொண்ட கட்டுக்கதை என்று போட்டு உடைக்கிறார். கதைகளை நம்பி ஏமாந்துவிடுவோமோ என்ற பயம் உள்ளவர்களுக்கு அவர் நல்ல காவல்.

குரூஉவில் அவர் இரண்டு தரப்பையும் வரிசையாக வைக்கிறார். அந்தக் குளியலறைப் பெண்ணும் வருகிறாள், எதிர்ப்பக்கத்தில் நபியின் மனைவி ஆயிஷா (ரலி) அவர்களும் வருகிறார்கள். ஆயிஷா தன் சகோதரர் மகள் ஹஃப்ஸாவை, மூன்றாவது மாதவிடாய் தொடங்கியதுமே இத்தா வீட்டிலிருந்து கூட்டிவந்துவிட்டார். 'அல்லாஹ் மூன்று குரூஉ என்றல்லவா சொல்கிறான்' என்று சிலர் தர்க்கம் செய்தார்கள். 'சரியாகத்தான் சொன்னீர்கள். ஆனால் குரூஉ என்றால் என்னவென்று தெரியுமா? அது சுத்தகாலம்' என்றார் ஆயிஷா. கொஞ்ச இடத்தில் எல்லாம் இருக்கிறது. தபரீயின் வேர்ப்பொருள் விளக்கத்தையும் எடுத்துப் போடுகிறார். ஆனால் முடிவை ஓங்கிச் சொல்வதில்லை. ஹதீஸின் தரத்தில் அவ்வளவு கறாராக இருப்பவர், மொழியிலும் சட்டத்திலும் வரும் தர்க்கங்களில் கொஞ்சம் கை கட்டி நிற்பார். இதை நான் குறையாகச் சொல்லவில்லை. அவருக்கு முதன்மையான கேள்வி 'இந்தச் செய்தி உண்மையா' என்பது. நம் தம்பியின் கேள்வி எப்போதும் 'ஏன் இப்படிச் சொன்னார்கள்' என்பதாக இருக்கும்.

ஒரு எச்சரிக்கை. ஸாபூனீ சுருக்கிய மூன்று பாக இப்னு கஸீர் மலிவாகக் கிடைக்கும். தொடர்கள் போய்விட்டால் படிக்கச் சுகமாகத்தான் இருக்கும். ஆனால் ஹதீஸை எடை போடுவதுதான் இப்னு கஸீரின் உயிர். தராசை எடுத்துவிட்டுச் சரக்கை மட்டும் வாங்கி என்ன செய்வது?

ஸமக்‌ஷரீயின் கஷ்ஷாஃப் என்ற தஃப்ஸீரை வாங்கச் சொல்லும் தைரியம் எனக்கு இல்லை, விட்டுவிடவும் மனசில்லை. குவாரஸ்மில் பிறந்து 1144இல் இறந்தவர். மக்காவில் உட்கார்ந்து இதை எழுதினார். அகீதாவில், அதாவது நம்பிக்கைக் கொள்கையில், பகுத்தறிவை முன்னிறுத்திய முஃதஸிலா பிரிவு; சட்டத்தில் ஹனஃபி. சுன்னத் ஜமாஅத் உலகம் அவர் கொள்கையைக் கண்டித்துக்கொண்டே அவருடைய மொழியறிவைக் கைவிட முடியாமல் தவித்தது. கஷ்ஷாஃபுக்குள் ஒளிந்திருக்கும் முஃதஸிலா கருத்துகளை முள்வாங்கி கொண்டு எடுத்ததாக புல்கீனீ என்ற அறிஞர் சொன்னாராம். பைளாவீ என்ற அறிஞர் கஷ்ஷாஃபையே சுருக்கி, முள்ளையும் எடுத்து, மதரஸாவுக்குப் பாடநூலாக்கிக் கொடுத்தார்.

இந்த வசனத்தில் ஸமக்‌ஷரீ கேட்கும் கேள்வியைப் பாருங்கள். 'காத்திருக்கட்டும்' என்று கட்டளையாகச் சொல்லாமல் 'காத்திருப்பார்கள்' என்று ஏன் செய்தியாகச் சொல்ல வேண்டும்? ஏற்கெனவே கீழ்ப்படிந்துவிட்டார்கள், நடந்ததைத்தான் சொல்கிறோம் என்பதுபோல அழுத்தம் கொடுக்கிறதாம் அந்த நடை. 'அல்லாஹ் உனக்கு அருள் செய்தான்' என்று சொல்லி 'அருள் செய்வானாக' என்று துஆ செய்வது போலத்தான் இதுவும் என்கிறார். நம் வீட்டுப் பெரியவர்கள் தலையில் கை வைத்து 'நல்லா இருப்பே' என்கிறார்களே, அதே சங்கதி. ஒன்பது நூற்றாண்டுக்கு முன்னால் ஒருவர் இந்த இடத்தில் நின்று யோசித்திருக்கிறார் என்று நினைத்தால் எனக்கு இன்னும் சிலிர்க்கும். ஆனால் இதை ருசிக்க அரபி அணியியலான பலாகா தெரிந்திருக்க வேண்டும். தம்பிக்கு இன்னும் சில வருஷம் போக வேண்டும்.

ராஸீயைப் பற்றி நீட்டப்போவதில்லை. 1210இல் ஹெராத்தில் இறந்த மகா தர்க்கவாதி. ஃபாத்திஹாவிலிருந்து மட்டும் பத்தாயிரம் விஷயங்களை எடுக்க முடியும் என்று சொன்னவர். அவருடைய தஃப்ஸீரின் 32 பாக அச்சில் முதல் பாகம் முழுக்க ஃபாத்திஹாவே. 'அதில் தஃப்ஸீரைத் தவிர எல்லாம் இருக்கிறது' என்று ஒருவர் கிண்டலடிக்க, 'தஃப்ஸீரோடு சேர்த்து எல்லாம் இருக்கிறது' என்று இன்னொருவர் பதில் சொன்ன கதை பிரபலம். இரண்டும் உண்மைதான். எதிராளியின் வாதத்தை அவ்வளவு பலமாக எடுத்து வைப்பார், பதில் வரும்வரை நமக்கு வயிறு கலங்கும். முதல் புத்தகமாக வேண்டாம்.

மிச்சம் குர்துபீ. ஸ்பெயினின் குர்துபாவில் பிறந்து, அந்த ஊர் 1236இல் காஸ்டைல் அரசன் கைக்குப் போன பின் எகிப்துக்கு வந்து, 1273இல் அங்கேயே இறந்த மாலிகி அறிஞர். பெயரிலேயே சட்ட வாடை அடிக்கும், 'அல்ஜாமிஃ லி அஹ்காமில் குர்ஆன்'. அதனால் இது சட்ட வசனங்களுக்கு மட்டுமான புத்தகம் என்று பலர் ஒதுக்கிவிடுகிறார்கள். அப்படி இல்லை, குர்ஆன் முழுமைக்கும் உண்டு.

ஒவ்வொரு இடத்தையும் மஸ்அலா (ஆராய வேண்டிய கேள்வி) ஒன்று, இரண்டு என்று பிரித்துக்கொள்வார். குரூஉவில் சொல்லின் இரண்டு பொருளும் வரும், அதற்குப் பழைய அரபுக் கவிதைச் சான்றும் வரும், யார் எந்தப் பக்கம் என்பதும் வரும், இரண்டு தரப்பு வாதமும் வரும். அதில் ஒரு வாதம் இலக்கணம் படிக்கிற தம்பிக்காகவே எழுதி வைத்தது போல இருந்தது. அரபியில் மூன்று முதல் பத்து வரை எண்ணுப்பெயர் பால் மாறி வரும். ஆண்பால் பெயருக்குப் பெண்பால் ஈறு. வசனத்தில் 'ஸலாஸத' என்று ஈற்றோடு இருக்கிறது, ஆகவே எண்ணப்படுவது ஆண்பால். சுத்தத்தைக் குறிக்கும் 'துஹ்ர்' ஆண்பால், மாதவிடாயைக் குறிக்கும் 'ஹைளா' பெண்பால். அப்படியானால் இங்கே குரூஉ சுத்தகாலம்தான் என்பது ஒரு தரப்பு. 'குர்உ என்ற சொல்லே ஆண்பால், எண் அந்தச் சொல்லைப் பார்த்து வந்தது, பொருளைப் பார்த்தல்ல' என்று மறுதரப்பு எளிதாகத் தட்டிவிடலாம். மூன்று வருஷம் மனப்பாடம் செய்த ஒரு விதி, ஒரு பெண் இன்னும் மனைவியா இல்லையா என்ற வழக்கில் சாட்சி சொல்ல வருவதைப் பார்த்தால், படித்த இலக்கணம் அதற்குப் பிறகு மறக்குமா?

சொன்னதைச் சொன்னவர் பெயரோடு சேர்ப்பது கல்வியின் பரக்கத் (அருள்வளம்) என்று முன்னுரையிலேயே சொல்கிறார், பெரும்பாலும் அதன்படி நடக்கவும் செய்கிறார். மாலிகியாக இருந்தும், ஆதாரம் வேறு பக்கம் இருந்தால் தன் மத்ஹபை விட்டுக் கொடுப்பார். குறையும் இருக்கிறது. கதைகளைத் தவிர்ப்பேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டுச் சில இடங்களில் அதை மீறியிருக்கிறார். பலவீனமான ஹதீஸ்களும் உண்டு. அதனால் ஹதீஸ்களின் தரத்தை அடிக்குறிப்பில் போட்ட பதிப்பாகத்தான் வாங்க வேண்டும்.

ஆனால் என் மனசு குர்துபீ பக்கம் சாய்ந்ததற்கு இவை மட்டும் காரணமில்லை. ஆலு இம்ரான் 169, அல்லாஹ்வின் பாதையில் கொல்லப்பட்டவர்களை இறந்தவர்கள் என்று எண்ணாதீர்கள் என்ற வசனம். ஷஹீதை, அதாவது இறைவழியில் உயிர்நீத்தவரை, அடக்கும் முன் குளிப்பாட்ட வேண்டுமா என்று மஸ்அலா பேசிக்கொண்டே வருகிறார். போர்க்களத்தில் இறந்தவருக்குச் சட்டம் தெளிவு, குளிப்பாட்டாமல் அந்த உடுப்பிலேயே அடக்குவது. எதிரி திடீரென்று ஊருக்குள் புகுந்து கொன்றுவிட்டுப் போனால்? அந்த இடத்தில் சொந்தக் கதை வருகிறது. ஹிஜ்ரி 627, ரமளான் மூன்றாம் நாள், அதாவது 1230. மக்கள் எதையும் அறியாமல் களத்தில் தானியம் பார்த்துக்கொண்டிருந்த வேளையில் எதிரிகள் குர்துபாவுக்குள் புகுந்து கொன்றார்கள், சிறைபிடித்தார்கள். கொல்லப்பட்டவர்களில் ஒருவர் அவருடைய தந்தை.

ஓடிப்போய்த் தன் ஆசிரியரைக் கேட்கிறார். 'குளிப்பாட்டித் தொழுகை நடத்து, உன் தந்தை இரு அணிகளுக்கு நடுவே போரிட்டுச் சாகவில்லை' என்கிறார் அவர். இன்னொருவரைக் கேட்கிறார். 'போர்க்களத்து ஷஹீதின் சட்டம்தான்' என்கிறார் அவர். நீதிபதியான காழியைக் கேட்கிறார். 'குளிப்பாட்டு, கஃபன் எனும் சவத்துணி இடு, தொழு' என்கிறார். அப்படியே செய்கிறார். காலம் போன பின், லக்மீயின் தப்ஸிரா என்ற கிதாபிலும் வேறு நூல்களிலும் அதே மஸ்அலாவைப் பார்க்கிறார். 'இது முன்பே கிடைத்திருந்தால் அவரைக் குளிப்பாட்டியிருக்கமாட்டேன், இரத்தத்தோடு அந்த உடுப்பிலேயே அடக்கியிருப்பேன்' என்று எழுதிவிட்டு அடுத்த மஸ்அலாவுக்குப் போய்விடுகிறார். மூன்று பேரைக் கேட்டு, இரண்டு விதமான பதில் வாங்கி, ஒன்றின்படி நடந்து, பிறகு நூல்களில் வேறு பதிலைக் கண்ட ஒரு மகன் எழுதிய தஃப்ஸீர் அது. கருத்து வேறுபாடு என்பது அவருக்கு வெறும் மஸ்அலா எண் இல்லை.

ரெண்டு நாள் கழித்துத் தம்பியைக் கூப்பிட்டேன். குர்துபீ வாங்கு, ஜலாலைனைப் பக்கத்தில் வைத்துத் தினம் ஒரு பக்கம் ஓது, அது ஒற்றை வால்யூம்தான், காசு பெரிதாக ஆகாது என்றேன். வாங்குவதற்கு முன்னால் மக்தபா ஷாமிலா என்ற அரபி நூலக மென்பொருளை இறக்கிக்கொள், அதில் எல்லாமே இலவசம், பகரா 228ஐ நீயே ஒரு தடவை புரட்டிப் பார், என் பேச்சை அப்படியே நம்பாதே என்றும் சொன்னேன்.

"சரி காக்கா. அப்ப இப்னு கஸீர்?"

"அது தமிழ்லயே பல பாகமா வந்திருக்கு. வாப்பாவுக்கு வாங்கிக் கொடு."